டிவி வேண்டாம் என்ற ஊரிலிருந்து வந்த இயக்குநர்: சக்கரியாஸ் குனுக் – ஒரு நிகழ்வு ஆய்வு

கனடாவின் வடக்கே, ஆர்க்டிக் வட்டத்துக்கும் மேலே, இக்லூலிக் என்று ஒரு சின்னத் தீவு ஊர் இருக்கிறது. நவம்பர் கடைசியில் அஸ்தமிக்கும் சூரியன் அங்கே ஜனவரி நடுவில்தான் மறுபடி தலைகாட்டும். 1970களில் செயற்கைக்கோள் வழியாகச் சுற்றுவட்டார ஊர்களுக்கெல்லாம் டிவி வந்துகொண்டிருந்தபோது, இக்லூலிக் மக்கள் வாக்கெடுப்பு நடத்தி வேண்டாம் என்று சொன்னார்கள். 1975இல் ஒருமுறை, 1979இல் இன்னொரு முறை. வரப்போகும் டிவியில் அவர்களுடைய இனுக்டிட்டுட் மொழிக்கு இடமில்லை, எல்லாம் ஆங்கிலம். பிள்ளைகள் நாள் முழுக்க அதன்முன் உட்கார்ந்தால் வீட்டுப் பேச்சு என்னவாகும் என்று பெரியவர்கள் கேட்டார்கள்.

2001இல் அதே ஊர்க்காரர் ஒருவர் கான்ஸ் திரைப்பட விழாவில் கேமரா தோர் விருதை வாங்கினார். அறிமுக இயக்குநரின் சிறந்த படத்துக்குத் தரும் விருது அது. படம் ‘அத்தனர்ஜுவாத்’. இனுக்டிட்டுட்டில் எழுதி, அந்த மொழிக்காரர்களே இயக்கி நடித்த முதல் முழுநீளக் கதைப்படம். இயக்கியவர் சக்கரியாஸ் குனுக், தொழிலால் முதலில் கல் சிற்பி.

அடையாளம், பண்பாட்டு மாற்றம் என்றெல்லாம் பேசும் படங்கள் உலகத்தில் ஏராளம். குனுக்கை நான் ஆய்வுக்கு எடுத்துக்கொண்டது வேறு காரணத்துக்காக. படத்தில் என்ன சொல்கிறோம் என்பதோடு அவர் நிற்கவில்லை. எந்த மொழியில் வேலை நடக்கும், யார் முடிவெடுப்பார்கள், கூலி யாருக்குப் போகும் என்பதையும் தன் கலையின் பகுதியாக வைத்துக்கொண்டார். வாக்கெடுப்பில் அவருடைய ஊர் கேட்டதும் அதைத்தான்.

கழுத்தில் ஒரு எண்

குனுக் 1957இல் கபுய்விக் என்ற வேட்டை முகாமில், புல்மண்ணால் கட்டிய குடிலில் பிறந்தார். அன்றைக்குக் கனடா அரசு, ஆர்க்டிக் பழங்குடிகளான இனுயிட் மக்களைப் பெயரால் பதிவு செய்யவில்லை. 1940களிலிருந்து ஒவ்வொருவருக்கும் எண் பொறித்த ஒரு சிறு வட்டத் தகடு கொடுத்தது. கழுத்தில் கட்டிக்கொள்ள வேண்டும். குனுக்கின் எண் இ5-1613. குடும்பப் பெயர்களைப் பதிவு செய்யும் வேலையே 1960களின் கடைசியில்தான் தொடங்கியது.

ஒன்பது வயதில் அவரையும் அவருடைய சகோதரர் ஒருவரையும் இக்லூலிக் பள்ளிக்கு அனுப்பிவைத்தார்கள். பெற்றோர் முகாமிலேயே இருந்துவிட்டார்கள். பள்ளியில் இங்கிலீஷ், ஊர் மண்டபத்தில் சினிமா. டிக்கெட் 25 சென்ட். அந்தக் காசுக்காக மாக்கல்லில் சின்னச் சின்ன உருவங்கள் செதுக்கி விற்கக் கற்றுக்கொண்டார். அவர் சிற்பியானது இப்படித்தான்.

அங்கே பார்த்தவை பெரும்பாலும் ஜான் வெய்ன் நடித்த கௌபாய் படங்கள். அம்பு தைத்துக் கிடக்கும் சிப்பாய்களைப் பார்த்து, ‘எப்பேர்ப்பட்ட செவ்விந்தியர்கள் இதைச் செய்திருப்பார்கள்’ என்று திரையில் ஒருவன் பதறும்போது தானும் பதறியதாக, பிற்பாடு ஓர் உரையில் குனுக் சொல்லியிருக்கிறார். அந்தச் சிப்பாய்களில் ஒருவனாக யோசிக்கத்தான் தனக்குக் கல்வி கற்றுத்தந்தது என்றும் சொன்னார். பள்ளிக்கூடம், திரைப்படம், அரசு எண் மூன்றும் ஒரே காலத்தில் ஒரு சிறுவன்மேல் வந்து இறங்கியதைத் தன் வாழ்க்கையிலிருந்தே அவரால் எடுத்துக்காட்ட முடிந்தது. 2016இல் ‘மலிக்லுட்டிட்’ என்ற படத்தில் ஜான் ஃபோர்டின் புகழ்பெற்ற கௌபாய் கதை ஒன்றை எடுத்து, 1913ஆம் ஆண்டின் ஆர்க்டிக் பனிவெளியில் இனுயிட் குடும்பங்களுக்குள் நடப்பதாக மாற்றினார். கடத்தப்பட்ட பெண்களைத் தேடிக் கணவன் போகிறான். சிப்பாயும் இல்லை, செவ்விந்தியரும் இல்லை.

மூன்று சிற்பம், ஒரு கேமரா

1981இல் மாண்ட்ரியாலுக்குப் போய் மூன்று சிற்பங்களை விற்றார். அந்தப் பணத்தில் ஒரு வீடியோ கேமரா, ஒரு விசிஆர், ஒரு டிவி பெட்டி வாங்கிக்கொண்டு ஊர் திரும்பினார். ஊரிலோ டிவி ஒளிபரப்பே கிடையாது. தான் எடுத்ததைத் தானே போட்டுப் பார்க்கத்தான் அந்தப் பெட்டி. ஜன்னலுக்கு வெளியே பிள்ளைகள் கூடி நின்று எட்டிப் பார்த்தார்களாம்.

அப்பாவும் மற்ற வேட்டைக்காரர்களும் திரும்பி வந்து டீ குடித்தபடி வேட்டைக் கதை பேசுவதைச் சின்ன வயதிலிருந்து கேட்டவர் அவர். அதைப் பதிவு செய்ய வேண்டும் என்பதே முதல் ஆசை. 1982 ஜனவரியில் இனுயிட் ஒளிபரப்புக் கழகம் இனுக்டிட்டுட்டில் நிகழ்ச்சிகள் தரத் தொடங்கியது. அதன்பிறகு, 1983இல், இக்லூலிக் டிவிக்குச் சம்மதித்தது. குனுக் அந்தக் கழகத்தின் இக்லூலிக் நிலையத்திலேயே வேலைக்குச் சேர்ந்தார். பின்னாளில் ‘அத்தனர்ஜுவாத்’ திரைக்கதையை எழுதிய பால் அபாக் அங்கிலிர்க்கும் அங்கே இருந்தார். நியூயார்க்கில் பிறந்த வீடியோ கலைஞர் நார்மன் கோன் 1985இல் இவர்களோடு வந்து சேர்ந்தார். ஆனால் கழகத்தின் தலைமை அலுவலகம் ஒட்டாவாவில் இருந்தது; முடிவுகளும் அங்கேதான். 1990இல் குனுக், அபாக், கோன், ஊர்ப் பெரியவர் பவுலூசி குலிட்டலிக் நால்வரும் சேர்ந்து ‘இசுமா’ நிறுவனத்தை இக்லூலிக்கிலேயே தொடங்கினார்கள்.

அவர்களுடைய ஆரம்பகால வீடியோக்களில் ‘கக்கிக்’ முக்கியமானது. 1930களின் குளிர்கால முகாம். நான்கு குடும்பங்கள் சேர்ந்து பெரிய பொதுப் பனிவீடு ஒன்று கட்டுகிறார்கள். ஓர் இளைஞன் பெண் கேட்கிறான். வசனம் எழுதிக் கொடுக்கவில்லை. எப்படிப் பேசுவார்கள் என்று தெரிந்த பெரியவர்கள் பேசினார்கள், கேமரா பார்த்தது. அதே முறையில் எடுத்த 13 பகுதித் தொடர் ‘நுனாவுத்’, 1945ஆம் ஆண்டு வாழ்க்கையைப் பருவம் பருவமாகக் காட்டியது. ஊர் டிவிக்காக எடுத்த இந்தத் தொடர் 2002இல் ஜெர்மனியின் காஸல் நகரில், டாக்குமென்டா கண்காட்சியில் காட்சிக்கு வைக்கப்பட்டது. தெற்கத்திக் கலையுலகம் இதை வீடியோ கலை என்றது. எடுத்தவர்களுக்கு அது தாத்தா பாட்டி காலத்து வேலைகளை மறுபடி செய்து பார்த்த பதிவு. இரண்டு பார்வையும் சரிதான். ஒரு படைப்பு இரண்டு இடத்தில் இரண்டு விதமாக வாழ்வதில் தவறில்லை.

ராபர்ட் ஃப்ளாஹெர்டி 1922இல் வெளியிட்ட ‘நானூக்’ படத்தையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும். இனுயிட் மக்களை உலகுக்குக் காட்டிய முதல் பெரிய படம் அது. அதன் நாயகனின் நிஜப் பெயர் அல்லகாரியல்லாக். துப்பாக்கியோடு வேட்டையாடப் பழகியவர்களை ஈட்டியோடு காட்டினார்கள். வெளிச்சத்துக்காகப் பனிவீட்டைப் பாதி வெட்டி, குடும்பத்தைக் குளிரில் தூங்கவைத்துப் படம் பிடித்தார்கள். குனுக்கும் பழைய வாழ்க்கையை மறுபடி நடித்துக் காட்டத்தான் செய்கிறார். எனவே ‘அது பொய், இது நிஜம்’ என்று கோடு கிழித்துவிட முடியாது. ஃப்ளாஹெர்டியின் படத்தில் எதை நடித்துக்காட்டுவது என்ற இறுதி முடிவு வெளியாள் கையில். இசுமாவில் அது ஊர்ப் பெரியவர்களின் பேச்சிலிருந்து வந்தது. (ஃப்ளாஹெர்டி படம் எடுத்த ஊரை விட்டுப் போனபின் அவருக்கு இனுயிட் பெண்ணிடம் பிறந்த மகன் ஜோசஃபி, 1955இல் அரசு நடத்திய இடமாற்றத்தில் குடும்பத்தோடு வடகோடிக்கு அனுப்பப்பட்டார். 1953இல் தொடங்கிய அந்த இடமாற்றத்தைப் பற்றி குனுக் 2009இல் ஒரு ஆவணப்படம் எடுத்திருக்கிறார்.)

அத்தனர்ஜுவாத்: ஊரே வேலைத்தளம்

கதை இக்லூலிக் பகுதியில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவந்தது. இரண்டு சகோதரர்கள்: பலசாலி அமாக்ஜுவாக், வேகமாக ஓடும் அத்தனர்ஜுவாத். தலைவர் மகன் ஓக்கிக்கு நிச்சயித்த பெண்ணை அத்தனர்ஜுவாத் போட்டியில் வென்று மணக்கிறான். பகை முற்றுகிறது. சகோதரர்கள் கூடாரத்தில் தூங்கும்போது ஓக்கியும் ஆட்களும் கூடாரத்தை மேலே சரித்து ஈட்டியால் குத்துகிறார்கள். அண்ணன் செத்துப்போகிறான். தம்பி ஒட்டுத்துணி இல்லாமல் கடல் பனிமேல் ஓடுகிறான்.

அபாக் எட்டுப் பெரியவர்களிடம் இந்தக் கதையைக் கேட்டுப் பதிவு செய்தார். எட்டுப் பேரும் எட்டு விதமாகச் சொன்னதைக் கோத்து, திரைக்கதை முதலில் இனுக்டிட்டுட்டில் உருவானது. நிதி தருபவர்கள் படிப்பதற்காக இங்கிலீஷ் வடிவம் பிறகு வந்தது. இந்த வரிசை சாதாரண விஷயமாகத் தோன்றலாம். நிதிக்காக இங்கிலீஷில் எழுதி, படப்பிடிப்பில் தாய்மொழிக்கு மாற்றுகிற படங்களில் பாத்திரங்கள் மொழிபெயர்ப்பு பேசுவது கேட்கிற காதுக்கு உடனே தெரியும். இந்தப் படத்தில் அது இல்லை.

உடைகளும் ஆயுதங்களும் ஊரிலேயே கையால் செய்தவை. காரிபூ மான் தோலையும் சீல் தோலையும் பெண்கள் பதப்படுத்தித் தைத்தார்கள். ஐரோப்பியர் வருவதற்கு முந்திய உடை, பச்சைகுத்தல் எப்படி இருந்தன என்று பார்க்க, பிரிட்டிஷ் கடற்படையின் பாரி குழு 1822–23 குளிர்காலத்தில் இக்லூலிக்கில் தங்கியபோது வரைந்த படங்களைப் பயன்படுத்திக்கொண்டார்கள். வந்தவன் வரைந்து கொண்டுபோனதை இந்த ஊர்ப் பெண்கள் தைத்துப் பார்த்து மீட்டார்கள். ஆய்வாளர்களுக்கே பாடமாக வைக்கத்தக்க வேலை இது.

அந்த ஓட்டக் காட்சியைக் கிட்டத்தில் பார்க்கலாம். நதர் உங்கலாக் (இவரும் சிற்பிதான்) கரையும் பருவத்துப் பனிமேல் ஓடுகிறார். குட்டை குட்டையாகத் தேங்கிய நீர், நீலமாகக் கிடக்கும் வானத்தின் நிழல், பாதம் பட்ட இடத்தில் ரத்தம். முன்னால் பனி பிளந்து கடல் தெரிகிறது, தாண்டுகிறார். ஒரு தீவில் ஒளிந்து வாழும் முதியவர் அவரைக் கடற்பாசிக் குவியலுக்குள் மறைக்கிறார். தேடி வந்த ஓக்கி அந்தக் குவியல் மேலேயே சிறுநீர் கழித்துவிட்டுப் போகிறான். பார்வையாளருக்குச் சிரிப்பும் அருவருப்பும் ஒன்றாக வரும். படத்தின் முடிவில் பெயர்கள் ஓடும்போது படப்பிடிப்புக் காட்சிகள் வருகின்றன. பனிச்சறுக்கு வண்டியில் கேமராவோடு உட்கார்ந்திருக்கிறார் கோன், அதைத் தள்ளிக்கொண்டு ஆட்கள் ஓடுகிறார்கள். இதை நாங்கள் செய்தோம், இன்றைக்கு வாழ்கிற நாங்கள் என்று படம் தானே சொல்லிவிடுகிறது. பழங்காலத்துக்கு ஏங்கும் படம் இது என்று குறை சொன்னவர்கள் அந்தக் கடைசி நிமிடங்களைக் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும்.

இன்னொரு முக்கியமான முடிவு உச்சக் காட்சியில். பழங்கதையில் அத்தனர்ஜுவாத் திரும்பி வந்து எதிரிகளை அடித்துக் கொல்கிறான். படத்தில் அவன் பனிவீட்டின் தரையை வழுக்கும்படி செய்து, மான்கொம்புத் துண்டுகளைக் காலில் கட்டிக்கொண்டு நிற்கிறான். வழுக்கி விழுந்த ஓக்கியின் தலைமாட்டில் அவன் தடி ஓங்கி இறங்குகிறது. தலையில் இல்லை, பக்கத்துப் பனியில். கொலை இதோடு முடியட்டும் என்கிறான். தீர்ப்பை ஊர் மூதாட்டி சொல்கிறாள்: வெளியேறுங்கள். மரபைக் காப்பாற்ற வந்தவர்களே மரபுக் கதையின் முடிவை மாற்றலாமா? எனக்கு இதில் தயக்கமில்லை. எட்டுப் பெரியவர் எட்டு விதமாகச் சொன்ன கதை அது. ஒன்பதாவது விதமாகச் சொல்ல அந்த ஊருக்கு உரிமை உண்டு. கதையை மாற்றவே கூடாது என்று உறையவைப்பது அருங்காட்சியகத்தின் வேலை.

இதெல்லாம் லேசில் நடக்கவில்லை. கனடாவில் அப்போது பழங்குடி மொழிப் படங்களுக்குத் தனியாக ஒரு சிறு நிதி ஒதுக்கீடு. பெரிய ஒதுக்கீடுகள் இங்கிலீஷுக்கும் பிரெஞ்சுக்கும். 1998இல் பணம் கிடைக்காமல் வேலை தடைபட்டது. அந்த ஆண்டு டிசம்பரில் அபாக் புற்றுநோயால் இறந்தார். தான் எழுதிய படத்தை அவர் பார்க்கவில்லை. கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் கூட்டுத் தயாரிப்பாளராக வந்தபின் 1999இல் படப்பிடிப்பு முழுவீச்சில் நடந்தது. இனுயிட் பெரும்பான்மையான நுனாவுத் தனிப் பிரதேசமாகப் பிறந்ததும் அதே ஆண்டு ஏப்ரல் 1ஆம் தேதி. பட்ஜெட் ஏறத்தாழ 20 லட்சம் கனடிய டாலர். சுமார் 1,200 பேர் வாழ்ந்த ஊரில், வேலை குறைந்த ஊரில், அதன் பெரும்பகுதி நடிகர், தையல்காரர், வேட்டைக்காரர், சமையல்காரர் கூலியாகவே இறங்கியது. படத்தை முதலில் பார்த்தவர்களும் இக்லூலிக் மக்கள்தான். கான்ஸ் பிறகு வந்தது. 2015இல் டொரன்டோ விழாக் குழு நடத்திய கருத்துக்கணிப்பில் கனடாவின் மிகச் சிறந்த படமாக இது முதலிடம் பெற்றது.

மதம் மாறிய நாள்

2006இல் கோனோடு சேர்ந்து இயக்கிய ‘நட் ராஸ்முசனின் நாட்குறிப்புகள்’ வசூலிலும் வரவேற்பிலும் முந்தைய படத்தை எட்டவில்லை. ஆனால் பண்பாட்டு மாற்றத்தைப் பற்றி குனுக் எடுத்ததில் இதுவே மிகக் கடுமையான படம் என்பேன். 1922இல் டேனிஷ் ஆய்வாளர் ராஸ்முசன் இக்லூலிக் பகுதிக்கு வந்தபோது சந்தித்த ஆவுவா என்ற மந்திரவாதியின் கதை. பட்டினி. கிறிஸ்தவராகிவிட்ட பக்கத்து முகாமில் சாப்பாடு இருக்கிறது. அவர்களோடு சேர்ந்து உண்ண வேண்டுமானால் பழைய விலக்குகளை மீற வேண்டும். பெண்களும் ஆண்களும் உண்ணக்கூடாத மிருக உறுப்புகளைச் சேர்ந்து உண்பதே அங்கே மதமாற்றச் சடங்கு. கடைசியில் ஆவுவா தன்னோடு வாழ்நாள் முழுக்க இருந்த துணை ஆவிகளைப் போகச் சொல்கிறார். அவை அழுதுகொண்டே பனிக்குள் நடந்துபோகின்றன. கத்தியைக் காட்டி யாரும் மிரட்டவில்லை. பசியும் தனிமையும் போதுமானதாக இருந்தன.

பணம், பெண்கள், இணையம்

விருது வந்ததால் நிறுவனம் செழித்துவிடவில்லை. 2011இல் இசுமா கடனில் மூழ்கி, நிர்வாகம் கடன் மீட்பாளர் கைக்குப் போனது. சின்னச் சந்தை, பெரிய தூரம், விமானத்தில் வந்து சேரும் ஒவ்வொரு பொருளுக்கும் தெற்கைவிடப் பல மடங்கு விலை. விழா விருதுகள் இந்தக் கணக்கைச் சரிசெய்யாது.

ஆனால் வேலைமுறை பரவியிருந்தது. 1991இல் தொடங்கிய அர்னாயித் என்ற பெண்கள் குழு, பாட்டிமார் அறிந்த கதைகளைத் தனியாக எடுத்தது. அதில் மடலீன் இவாலு இணைந்து இயக்கிய முழுநீளப் படம் 2008இல் வெளிவந்தது; அத்தனர்ஜுவாத்தில் மூதாட்டியாக நடித்தவர் இவர்தான். அதே 2008இல் இசுமா இணையத்தில் பழங்குடி மொழி வீடியோக்களுக்கு ஒரு தளம் திறந்தது. 2021 ஜனவரியில் ‘உவாகுத் டிவி’ வந்தது, கனடாவின் முதல் முழு இனுக்டிட்டுட் சேனல்.

பனிமேல் ஒரு பேச்சுவார்த்தை

2019இல் வெனிஸ் பினாலே என்ற சர்வதேசக் கலைக் கண்காட்சியில் கனடா அரங்கு இசுமாவுக்குக் கிடைத்தது. அந்த அரங்கில் இனுயிட் கலைஞர்கள் இடம்பெற்றது அதுவே முதல் தடவை. அங்கே காட்டியது ‘நோவா பியுகட்டூக்கின் வாழ்வில் ஒரு நாள்’. இடம் கபுய்விக், குனுக் பிறந்த முகாம். காலம் 1961 வசந்தம். குனுக்குக்கு அப்போது மூன்று வயது.

நோவா நாய்வண்டி கட்டி வேட்டைக்குக் கிளம்புகிறார். வழியில் பனிவெளியில் ஓர் அரசு அதிகாரி மொழிபெயர்ப்பாளரோடு வந்து மறிக்கிறார். டேனிஷ் நடிகர் கிம் பாட்னியா நடித்த அந்த அதிகாரியை எல்லாரும் ‘பாஸ்’ என்கிறார்கள். டீ கொதிக்கிறது, பிஸ்கட் வருகிறது, சர்க்கரை போடுகிறார்கள். பிறகு பேச்சு. ஊருக்கு வந்து குடியேறுங்கள், வீடு தருகிறோம், பிள்ளைகள் பள்ளிக்குப் போக வேண்டும், உதவிப்பணம் கிடைக்கும். நோவா வேண்டாம் என்கிறார். பாஸ் மறுபடி விளக்குகிறார். நோவா மறுபடி வேண்டாம் என்கிறார். படத்தின் பெரும்பகுதி இவ்வளவுதான், அதுவும் நிஜ நேரத்தில்.

இடையில் நிற்கும் மொழிபெயர்ப்பாளர்தான் படத்தின் உயிர். பாஸின் நீளமான வாக்கியம் இரண்டு வார்த்தையாகச் சுருங்குகிறது. நோவாவின் கூர்மையான மறுப்பு பாஸிடம் போகும்போது மழுங்குகிறது. சப்டைட்டில் இரண்டு பக்கத்தையும் காட்டுவதால் எல்லாம் தெரிந்தவர் பார்வையாளர் மட்டும்தான். பாஸ் கொடியவர் இல்லை. நல்லது செய்வதாகவே நம்புகிறார், பொறுமை இழக்கிறார், மறுபடி டீ குடிக்கிறார். ஒரு மக்கள்கூட்டத்தின் வாழ்க்கை துப்பாக்கிச் சத்தம் இல்லாமல், டீயும் பிஸ்கட்டும் வைத்து, எப்படித் திருப்பிவிடப்பட்டது என்று இவ்வளவு அருகில் காட்டிய வேறு படம் எனக்குத் தெரியாது. சலிப்பாக இருக்கிறது என்று சிலர் பாதியில் எழுந்துபோகக்கூடும். அந்தச் சலிப்பு வேண்டும். அதிகாரி கேட்டதையே கேட்டுக் களைப்படைய வைப்பதுதான் அந்த அதிகாரம் வேலை செய்த விதம்.

அதே கண்காட்சியோடு சேர்த்து, கடற்பனியின் விளிம்பிலிருந்து இசுமா நேரலையும் நடத்தியது. பாஃபின் தீவின் மேரி ரிவர் இரும்புச் சுரங்கத்தை விரிவாக்கும் திட்டம் அதன் பொருள். ரயில் பாதை, ஆண்டுக்கு 1 கோடியே 20 லட்சம் டன் தாது, ஓயாத கப்பல் போக்குவரத்து. அங்கே வேட்டைக்காரர்கள் காரிபூவையும் நார்வால் திமிங்கிலத்தையும் நம்பி வாழ்கிறார்கள். 1961இல் ஒரு பாஸ், இன்றைக்கு இன்னொரு பாஸ் என்ற இணைப்பை குனுக் மறைக்கவில்லை. திட்டம் பற்றிய விசாரணைகளில் மக்கள் சொன்னதை இனுக்டிட்டுட்டிலேயே பதிவு செய்து ஒளிபரப்பினார்கள். விரிவாக்கத்தைக் கனடா அரசு 2022 நவம்பரில் நிராகரித்தது. ஒரு படமும் நேரலையும்தான் அதைச் சாதித்தன என்று நான் சொல்ல மாட்டேன். வேட்டைக்காரர் சங்கங்கள் பல ஆண்டு போராடின. சுரங்க வேலையை நம்பிய இனுயிட் குடும்பங்களும் அங்கே இருக்கின்றன, அவர்களுக்கு அந்த முடிவு இழப்பு. குனுக்கின் கேமரா இதுவரை பெரும்பாலும் பெரியவர்கள், வேட்டைக்காரர்கள் பக்கம் நின்றிருக்கிறது. சம்பளத்துக்குச் சுரங்கத்துக்குப் போய்வரும் இருபத்தைந்து வயதுக்காரனின் ஒரு நாளையும் அதே பொறுமையோடு, அதே மொழியில் யாராவது எடுக்க வேண்டும். அதற்கான கருவியும் பழகிய ஆட்களும் இப்போது இக்லூலிக்கிலேயே இருக்கிறார்கள்.